முறிவு என்றால் வெட்டா, ஒடிவா? எல்லையோரத்தில் மொழிபெயர்ப்பு வேலைக்கு வருபவர்களுக்கு

கொழிஞ்சாம்பாறைக்காரர்களிடம் "மலையாளம் தெரியுமா?" என்று கேட்டால் சிரிப்பார்கள். வீட்டில் கொங்குத் தமிழ், பஸ்ஸில் மலையாளம், சந்தையில் இரண்டும் கலந்த ஒன்று. வேலந்தாவளம், எருத்தேம்பதி, மீனாட்சிபுரம், கோவிந்தாபுரம் என்று பாலக்காட்டின் கிழக்கு ஓரம் முழுக்க இதே கதைதான். தமிழ் மட்டும் தெரிந்த ஒருவர் ஆஸ்பத்திரியிலோ ஸ்டேஷனிலோ மாட்டிக்கொண்டால், பக்கத்தில் நிற்பவரைக் கூப்பிட்டு "கொஞ்சம் சொல்லிக் குடுங்க" என்பார்கள். நானும் அப்படிப் பக்கத்தில் நின்றவன்தான். அதுவே பிழைப்பாகிவிட்டது.

ஆரம்பத்தில் நான் செய்த ஒரு பிழையைச் சொல்லிவிடுகிறேன், மற்றதெல்லாம் அதிலிருந்துதான் வருகிறது. வரப்புத் தகராறில் அரிவாள் பட்டு ஒருவரை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுவந்தார்கள். டாக்டர் பார்த்துவிட்டு "கையில் முறிவுண்டு" என்றார். நானும் யோசிக்காமல் வீட்டாரிடம் "கையில முறிவுங்க" என்றேன். மலையாளத்தில் முறிவு என்றால் வெட்டுக்காயம். தமிழில் எலும்பு முறிவு. வீட்டார் புகாரில் "எலும்பு முறிந்தது" என்று எழுதிக் கொடுத்துவிட்டார்கள். காயச் சான்றிதழில் எலும்பைப் பற்றி ஒரு வார்த்தையும் இல்லை. எதிர்த்தரப்பு அதைப் பிடித்துக்கொண்டு, புகாரே பொய் என்று பேசியது.

இது வெறும் வார்த்தைத் தகராறு இல்லை. சட்டத்தில் எலும்போ பல்லோ முறிந்தால் அது கொடுங்காயம். அன்றைக்கு இந்திய தண்டனைச் சட்டம் 320ஆவது பிரிவு, இப்போது பாரதிய நியாய சன்ஹிதா 116. வெட்டுக்காயம் வேறு காரணத்தால் கொடுங்காயமாகலாம், ஆகாமலும் போகலாம். பொய்யே சொல்லாத ஒரு குடும்பத்தை என் ஒற்றைச் சொல் பொய்யர்களாக்கியது. மலையாளம் எனக்கு நன்றாகத் தெரியும் என்ற நினைப்புதான் அந்தப் பிழையைச் செய்தது. அரைகுறையாகத் தெரிந்தவனாக இருந்திருந்தால் "முறிவு என்றால் எந்த முறிவு?" என்று ஒரு தடவை கேட்டிருப்பேன்.

முதல் வேலை: உங்கள் காதை நம்பாதீர்கள்

ஒரு நோட்டு வாங்குங்கள். தமிழிலும் மலையாளத்திலும் ஒரே ஒலியில் வந்து வேறு பொருள் தரும் சொற்களுக்காக மட்டும் அந்த நோட்டு. எல்லோருக்கும் தெரிந்த வேடிக்கைச் சொற்களை நான் எழுதச் சொல்லவில்லை. வெள்ளம் அங்கே தண்ணீர், சம்சாரம் அங்கே பேச்சு, அவசரம் அங்கே வாய்ப்பு, பட்டி அங்கே நாய். இவற்றில் யாரும் விழமாட்டார்கள். சிரித்துச் சிரித்தே உஷாராகிவிட்டோம். சிரிப்பு வராத சொற்களில்தான் ஆபத்து.

வழக்கு என்ற சொல்லைப் பாருங்கள். "அவர் தம்மில் வழக்குண்டாயிருந்நு" என்று ஒரு மலையாளச் சாட்சி சொன்னால், அவர்களுக்குள் சண்டை சச்சரவு இருந்தது என்று பொருள். "அவர்களுக்குள் வழக்கு இருந்தது" என்று தமிழில் சொல்லிவிட்டால், கோர்ட்டில் ஏற்கெனவே ஒரு கேஸ் நடந்ததாகிவிடும். முன்விரோதத்தை அளக்கிற இடத்தில் இந்த வித்தியாசம் சின்னது இல்லை. அதே மாதிரி "போதம் போயி" என்றால் நினைவு தப்பியது. அவசரத்தில் கேட்கிற தமிழ்க் காதில் அது "போதை" என்று விழலாம். விபத்து கேஸில் அடிபட்டவர் போதையில் இருந்தார் என்று பதிவானால், அதற்கப்புறம் இன்சூரன்ஸ் கம்பெனி என்ன பேசும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

ஆஸ்பத்திரிச் சொற்கள் இன்னும் மோசம். பனி அங்கே காய்ச்சல். "பனி ஒத்துக்கலீங்க" என்று நம் ஊர்ப் பாட்டி மார்கழிக் குளிரைச் சொன்னால், டாக்டர் தெர்மாமீட்டரை எடுப்பார். மயக்கம் அங்கே பெரும்பாலும் தூக்கக் கலக்கம், அரைத் தூக்கம்; நமக்கோ கண் இருட்டிக் கீழே விழுவது. நம் ஆள் "மயக்கமா வருதுங்க" என்றால் மலையாளத்தில் அதைத் தலகறக்கம் என்று சொல்வதா, போதம் போனது என்று சொல்வதா? நீங்களாக முடிவு செய்யக்கூடாது, அவரிடமே கேட்க வேண்டும். கழிக்குக என்றால் சாப்பிடுவது. ஒரு டாக்டர் "அம்மே, இன்னு வல்லதும் கழிச்சோ?" என்று கேட்க, "இல்லீங்க, நேத்தோட நின்னு போச்சுங்க" என்று அந்த அம்மா வயிற்றுப்போக்கைப் பற்றிப் பதில் சொன்னார். பக்கத்தில் இருந்த நானே ஒரு நொடி தடுமாறினேன்.

உறவுமுறைச் சொற்களுக்கு நோட்டில் தனிப் பக்கம் ஒதுக்குங்கள். நம் பக்கத்தில் அம்மாயி என்றால் அம்மாவைப் பெற்றவள். மலையாளத்தில் அம்மாயி என்றால் அத்தை, மாமி, மாமியார், இதில் யாராகவும் இருக்கலாம். ஒரு குழந்தை "அம்மாயி வீட்டுல இருந்தேன்" என்று வாக்குமூலம் கொடுக்கும்போது அது எந்த வீடு என்பதில்தான் கேஸே நிற்கும். குழந்தை தமிழ் வீட்டுக் குழந்தையா, மலையாள வீட்டுக் குழந்தையா, இரண்டும் கலந்த வீட்டுக் குழந்தையா என்பது தெரியாமல் அந்தச் சொல்லைத் தொடவே கூடாது.

மாதங்களும் அப்படித்தான். வயதானவர்கள் ஆங்கிலத் தேதி சொல்லமாட்டார்கள். மலையாளக்காரர் கர்க்கடகம் என்பது நம் ஆடி, சிங்கம் என்பது ஆவணி, கன்னி என்பது புரட்டாசி, மேடம் என்பது சித்திரை. பன்னிரண்டையும் மனப்பாடம் செய்துவிடுங்கள், ஒரு நாள் வேலைதான். ஆனால் வேலை நடக்கும் இடத்தில் நீங்களாக மாற்றிச் சொல்லாதீர்கள். "கர்க்கடக மாதம் என்கிறார்" என்று சொல்லிவிட்டு, அது ஆடி என்பதை உங்கள் குறிப்பாகத் தனியே சொல்லுங்கள்.

அட்டப்பாடிப் பக்கம் வேலைக்குப் போகிறவர்களுக்கும் ஒரு வார்த்தை. இருளர் பேச்சு தமிழ்க் காதுக்குப் பாதி புரிகிற மாதிரி இருக்கும். அந்தப் பாதியை வைத்துக்கொண்டு வேலையை ஒப்புக்கொள்ளாதீர்கள். இருளர், முடுகர், குறும்பர் ஆகியோரின் பேச்சுகள் தனித்தனி. அந்தந்த ஊர்க்காரர் ஒருவர் உட்கார வேண்டிய நாற்காலி அது.

நினைவு, குறிப்பு, வேகம்

இரண்டு மொழியும் தெரிந்தவருக்கும் மொழிபெயர்ப்பாளருக்கும் நடுவில் இருக்கிற தூரத்தை ஒரே மணி நேரத்தில் அளந்துவிடலாம். ஆகாசவாணியின் மலையாளச் செய்தியை மூன்று நிமிடம் போனில் பதிவு செய்யுங்கள். ஒரே ஒரு முறை கேளுங்கள், குறிப்பு எடுக்காதீர்கள். கேட்டதைத் தமிழில் சொல்லி அதையும் பதிவு செய்யுங்கள். அப்புறம் இரண்டையும் பக்கத்தில் வைத்துக் கேளுங்கள். முதல் முறை எனக்குத் தொகைகள் எல்லாம் பறந்துபோயிருந்தன, இரண்டு பெயர்கள் இடம் மாறியிருந்தன, "கூறியதாகத் தெரிகிறது" என்பது "கூறினார்" ஆகியிருந்தது. கடைசிப் பிழைதான் கோர்ட்டில் ஆளைக் கொல்லும்.

பேசுபவர் நிறுத்திய பிறகு நீங்கள் பேசுவது ஒரு முறை. கோர்ட், ஆஸ்பத்திரி, வார்டு கூட்டம் எல்லாவற்றிலும் பெரும்பாலும் இதுதான். அவர் பேசும்போதே கூடவே பேசுவது இன்னொரு முறை. பெரிய மாநாடுகளில் கண்ணாடி அறைக்குள் உட்கார்ந்து செய்வார்கள். சைகை மொழிபெயர்ப்பு பெரும்பாலும் இரண்டாம் முறையில்தான் நடக்கும். புதிதாக வருபவர்கள் முதல் முறையை நன்றாகப் பிடித்துக்கொண்ட பிறகு இரண்டாவதற்குப் போகலாம்.

குறிப்பு எடுக்கும்போது வாக்கியம் எழுதாதீர்கள். பக்கத்தின் இடது மேல் மூலையில் யார், கொஞ்சம் கீழே தள்ளி நடுவில் என்ன செய்தார், இன்னும் தள்ளி வலது கீழே யாரை அல்லது எதை, இப்படிச் சாய்வாக இறங்கட்டும். ஒரு விஷயம் முடிந்தால் குறுக்கே ஒரு கோடு. எண், தேதி, பெயர் மூன்றையும் வந்த உடனே எழுதிவிடுங்கள், அவை நினைவில் நிற்காது. கருத்து நிற்கும். "இல்லை", "ஒருவேளை", "என்று நினைக்கிறேன்" ஆகியவற்றுக்குச் சொந்தமாக ஒரு அடையாளம் வைத்துக்கொள்ளுங்கள். என்னுடையது ஒரு அலைக்கோடு. எந்த மொழியில் குறிப்பு எடுப்பது என்று சண்டை போடுவார்கள். எனக்குத் தமிழ் பாதி, படங்கள் பாதி. வேலை முடிந்ததும் அந்தத் தாளைக் கிழித்துவிடுங்கள், அதில் அடுத்தவர் ரகசியம் இருக்கிறது.

நினைவு எட்டாத அளவுக்கு ஒருவர் பேசிக்கொண்டே போனால் கையை உயர்த்தி நிறுத்துங்கள். புதியவர்கள் இதற்குக் கூச்சப்படுகிறார்கள். நிறுத்தாமல் விட்டுப்போனதை உங்கள் சொந்தச் சரக்கால் நிரப்புவதைவிட, ஜட்ஜின் முகச்சுளிப்பு எவ்வளவோ மேல்.

"நான்" என்று பேசுவது

சாட்சி "நான் பார்த்தேன்" என்றால் நீங்களும் "நான் பார்த்தேன்" என்றுதான் சொல்ல வேண்டும். "அவர் பார்த்தாராம்" என்று சொன்னால் நீங்கள் கதை சொல்பவர் ஆகிவிடுகிறீர்கள். முதல் சில மாதம் இது நாக்கில் ஒட்டாது. நம் ஊரில் ஒருவர் சொன்னதை "ஆமாங்க, அவரு சொல்றாரு" என்றுதான் கடத்திப் பழக்கம். உங்களுக்கே ஏதாவது கேட்க வேண்டியிருந்தால் அப்போது மட்டும் "மொழிபெயர்ப்பாளர் ஒரு விளக்கம் கேட்கிறார்" என்று உங்களைப் படர்க்கையில் சொல்லுங்கள். அப்போதுதான் யார் பேச்சு எது என்பது பதிவில் தெளிவாக இருக்கும்.

சாட்சி கெட்ட வார்த்தை சொன்னால் அதே கனத்தில் கெட்ட வார்த்தை சொல்ல வேண்டும். தெரியாமல் பேசுகிறார், கொஞ்சம் திருத்திச் சொல்வோம் என்ற இரக்கம் வரும். வேண்டாம். உளறினால் உளறலாகவே கொடுங்கள். கோர்ட்டில் நீங்களும் சத்தியம் செய்துதான் பேசுகிறீர்கள். சத்தியப்பிரமாணச் சட்டம், 1969 சாட்சியோடு மொழிபெயர்ப்பாளரையும் சேர்த்தே சொல்கிறது.

ஒரு விஷயத்தில் நான் பிடிவாதக்காரன். சொந்தக்காரர் மொழிபெயர்க்கக் கூடாது. காது கேளாத தங்கைக்கு அண்ணன் சைகை செய்கிறார், பிரச்சினையோ அவர்கள் அப்பாவின் நிலப் பங்கு. அண்ணன் நல்லவராகவே இருக்கட்டும், அந்த நாற்காலி அவருடையது இல்லை. உங்களுக்குத் தெரிந்தவர், பக்கத்து வீட்டுக்காரர், கடன் கொடுத்தவர், யாராக இருந்தாலும் வேலை தொடங்கும் முன்பே சொல்லிவிட்டு விலகுங்கள். சின்ன ஊரில் இது கஷ்டம்தான், எல்லாரும் எல்லாருக்கும் ஏதோ ஒரு வகையில் மாமன் மச்சான். அதனால்தான் எல்லைக்கு அந்தப் பக்கம், பொள்ளாச்சியிலோ கோவையிலோ, வேலை பார்க்கும் இரண்டு மூன்று பேரின் எண் கையில் இருக்க வேண்டும் என்கிறேன்.

சைகை மொழிக்கு வருபவர்களுக்கு

பேச்சு மொழியில் பத்து வருடம் இருந்துவிட்டு இந்தப் பக்கம் எட்டிப் பார்த்தவன் நான். முதலில் என் தலைக்கனத்தை உடைத்த விஷயம் இது: கொழிஞ்சாம்பாறை காது கேளாதவரும் கோவை காது கேளாதவரும் சந்தித்தால், சில சொற்கள் ஊருக்கு ஊர் மாறினாலும், தடையில்லாமல் பேசிக்கொள்கிறார்கள். நமக்கு இருக்கிற மலையாள எல்லை அவர்களுக்கு அவ்வளவாக இல்லை. இந்திய சைகை மொழி என்பது தமிழைக் கையால் சொல்வதும் அல்ல, மலையாளத்தைக் கையால் சொல்வதும் அல்ல. அதற்கு அதன் இலக்கணம். "உன் பெயர் என்ன" என்பதில் "என்ன" கடைசியில் வருவது நமக்கு இயல்பாக இருக்கும். "எங்கே போகிறாய்" என்பதிலும் "எங்கே" கடைசிக்குத்தான் போகும். புருவமும் தோளும் உதடும் அதில் இலக்கணத்தின் பகுதி. முகத்தை அசைக்காமல் கையை மட்டும் ஆட்டினால், ஏற்ற இறக்கமே இல்லாமல் செய்தி வாசிப்பது போல் இருக்கும் என்று என் ஆசிரியர் கையாலேயே திட்டினார்.

ஊமை என்ற சொல்லை இன்றோடு விட்டுவிடுங்கள். அவர்களுக்கு மொழி இருக்கிறது. காது கேளாதவர் என்று சொன்னால் போதும்.

தொடங்கும் வழி எளிது. இந்திய சைகை மொழி ஆராய்ச்சி மற்றும் பயிற்சி மையம் 2015இல் டெல்லியில் தொடங்கியது. அதன் அகராதி 2018இல் 3,000 சொற்களோடு வந்தது, 2019இல் 6,000, 2021இல் 10,000 ஆனது. வீடியோவாகவே இருப்பதால் வீட்டில் இருந்தே பார்க்கலாம். ஆனால் வீடியோ மட்டும் பார்த்துச் சைகை கற்பது, கரையில் உட்கார்ந்து நீச்சல் கற்பது போலத்தான். காது கேளாதவர்கள் கூடும் சங்கம் எங்கே இருக்கிறது என்று விசாரித்துப் போய் உட்காருங்கள். முதல் மாதம் ஒன்றும் புரியாது, டீ மட்டும் குடித்துவிட்டு வருவீர்கள். பரவாயில்லை. ஆங்கில எழுத்துகளை இரண்டு கையாலும் எழுதிக்காட்டும் முறையை அங்கேயே பிடித்துவிடலாம். மலையாள எழுத்துகளுக்கான கைவடிவங்களைத் திருவனந்தபுரத்தில் இருக்கும் தேசிய பேச்சு, கேட்டல் நிறுவனமான நிஷ் 2021இல் வெளியிட்டது. ஆள் பெயர், ஊர்ப் பெயர் சொல்லும்போது கேரளப் பக்கம் இது உதவும்.

முறையான படிப்பு, இந்திய சைகை மொழிபெயர்ப்பு டிப்ளமோ. எல்லாரும் டிஸ்லி என்பார்கள். பிளஸ் டூ முடித்தவர்கள் சேரலாம், இரண்டு வருடம். நமக்குக் கிட்டத்தில் கோவை பெரியநாயக்கன்பாளையத்தில் ராமகிருஷ்ண மிஷன் விவேகானந்தா நிறுவனத்தின் மாற்றுத்திறன் துறை இருக்கிறது. கொஞ்சம் தூரம் போக முடிந்தால் திருவனந்தபுரம் ஆக்குளத்தில் நிஷ். சேரும் முன் அந்த வருடம் அங்கே டிஸ்லி வகுப்பு நடக்கிறதா, இந்திய மறுவாழ்வு கவுன்சிலின் அங்கீகாரம் நடப்பில் இருக்கிறதா என்று நேரில் கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள். அங்கீகாரம் இல்லாத இடத்தில் வாங்கும் சான்றிதழ் கண்ணாடிச் சட்டத்துக்குத்தான் ஆகும். படிப்பு முடிந்ததும் கவுன்சிலின் மத்தியப் பதிவேட்டில் பெயர் சேர்க்க வேண்டும்.

காது கேளாத பெற்றோருக்குப் பிறந்து, பேசத் தொடங்கும் முன்பே சைகை பேசியவர்கள் நம்மிடையே உண்டு. அவர்கள் கை ஓடும் அழகைப் பார்த்தால் நமக்குப் பொறாமையாக இருக்கும். ஆனால் அவர்களுக்கும் படிப்பு வேண்டும். அம்மாவுக்குக் கடையில் சொல்லிக் கொடுத்துப் பழகியவர்கள் சுருக்கிச் சொல்லவும், நல்லதைச் சொல்லிக் கெட்டதை மறைக்கவும் பழகியிருப்பார்கள். வீட்டுக்கு அது பாசம், கோர்ட்டில் அது பிழை. கொங்குத் தமிழும் மலையாளமும் கலந்து வளர்ந்த எனக்கு நேர்ந்ததும் இதேதான்.

இன்னொன்று. பள்ளிக்கே போகாமல், வீட்டார் மட்டும் புரிந்துகொள்ளும் சைகையோடு வளர்ந்த ஒருவர் உங்கள் முன் வந்து உட்காரலாம். உங்கள் டிப்ளமோ அங்கே எடுபடாது. அப்போது காது கேளாத மொழிபெயர்ப்பாளர் ஒருவரை நடுவில் வைத்துக்கொள்ள வேண்டும். அவர் அந்த வீட்டுச் சைகையைப் பார்வையாலும் நடிப்பாலும் பிடித்து இந்திய சைகை மொழியில் உங்களுக்குத் தருவார், நீங்கள் பேச்சில் தருவீர்கள். நேரம் இரண்டு மடங்கு ஆகும். அதை முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். "உங்களுக்கே சைகை தெரியுமே, இன்னொருத்தர் எதுக்கு?" என்று கேட்பார்கள், கேட்கட்டும்.

உடை, இடம் பற்றிச் சுருக்கமாக. கை தனியாகத் தெரிகிற மாதிரி, உங்கள் தோல் நிறத்துக்கு மாறான ஒரே நிறச் சட்டை. பெரிய மோதிரம், கலகலக்கும் வளையல் வேண்டாம். பேசுபவரின் பக்கத்தில் நில்லுங்கள், காது கேளாதவர் இருவரையும் ஒரே பார்வையில் பார்க்க வேண்டும். உங்கள் முதுகுக்குப் பின்னால் ஜன்னல் இருந்தால் நீங்கள் வெறும் நிழல்.

பெயரை எங்கே பதிவது

எல்லையோரத்து ஆட்களுக்குச் சட்டமே ஒரு கதவு திறந்து வைத்திருக்கிறது, பலருக்கும் தெரியாது. குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் போக்சோ சட்டத்தின் 2020ஆம் ஆண்டு விதிகள்படி ஒவ்வொரு மாவட்டத்திலும் குழந்தைகள் பாதுகாப்பு அலகு மொழிபெயர்ப்பாளர்கள், சிறப்புக் கல்வியாளர்கள் ஆகியோரின் பதிவேட்டை வைத்திருக்க வேண்டும். பேச்சு மொழிக்கு அவர்கள் கேட்பது பட்டம் இல்லை. குழந்தை பேசும் மொழியும் மாநில ஆட்சிமொழியும் உங்களுக்குப் பழக்கமாக இருக்க வேண்டும். தாய்மொழியாக இருக்கலாம், குறைந்தது தொடக்கப்பள்ளி வரை பயிற்றுமொழியாக இருந்திருக்கலாம், தொழிலாலோ அந்த மொழி பேசும் பகுதியில் குடியிருந்ததாலோ கற்றதாகவும் இருக்கலாம். தமிழ்ப் பள்ளியில் படித்துவிட்டு மலையாளத்தில் பிழைக்கும் நம் ஆட்களைப் பார்த்தே எழுதியது போல இருக்கிறது. சைகை மொழிக்கு மட்டும் அங்கீகாரம் பெற்ற தகுதி வேண்டும்.

பாலக்காட்டில் "ஜில்லா சிசு சம்ரக்ஷண யூனிட்" என்று விசாரியுங்கள், தமிழ்நாட்டுப் பக்கம் "மாவட்ட குழந்தைகள் பாதுகாப்பு அலகு". இரண்டு மாவட்டத்திலும் பதிவது நல்லது. எழுத்தாக விண்ணப்பம், படிப்புச் சான்று, அடையாள அட்டை, இதுவரை செய்த வேலையின் பட்டியல் ஆகியவற்றைக் கொண்டு போங்கள். பட்டியலில் ஒருவர் பெயரும் இருக்கக்கூடாது. "சிவில் வழக்கு, அரை நாள்" என்ற அளவு போதும். கூலியைப் பற்றி முதல் நாளே பேசுங்கள். சேவை என்று சொல்லி இலவசமாக வாங்கிக்கொள்ளப் பார்ப்பார்கள். இந்த வேலைக்கு அரசு நிதியிலிருந்து தொகை தர விதி இருக்கிறது.

அதே விதிகள் உங்களையும் கட்டுகின்றன. சாய்வு கூடாது, சொந்த நலன் ஏதும் இருந்தால் வெளிப்படையாகச் சொல்ல வேண்டும், கூட்டாமல் குறைக்காமல் மொழிபெயர்க்க வேண்டும், கேட்டதை வெளியில் பேசக்கூடாது. மொழிபெயர்ப்பாளர் ஆணா பெண்ணா என்பதில் குழந்தைக்கு விருப்பம் இருந்தால் அதையும் கணக்கில் எடுக்கலாம். ஒரு சிறுமி உங்களைப் பார்த்து முகத்தைத் திருப்பினால், வருத்தப்படாமல் எழுந்து வந்துவிடுங்கள்.

பேச்சால் சாட்சி சொல்ல முடியாதவர் விஷயத்தில் சட்டம் இன்னும் கறாராக இருக்கிறது. மொழிபெயர்ப்பாளரையோ சிறப்புக் கல்வியாளரையோ கோர்ட் துணைக்கு வைத்தே ஆக வேண்டும், வாக்குமூலத்தை வீடியோ எடுக்க வேண்டும். 2013இல் சாட்சியச் சட்டத்தின் 119ஆவது பிரிவில் வந்த திருத்தம் இது, இப்போது பாரதிய சாக்ஷ்ய அதினியத்தில் 125. உங்கள் கை செய்வது எல்லாம் கேமராவில் நிற்கும், நாளை இன்னொரு மொழிபெயர்ப்பாளர் அதைப் பார்த்துப் பிழை சொல்லலாம். பயப்படுவதற்குச் சொல்லவில்லை, பழகுவதற்குச் சொல்கிறேன். 2023 செப்டம்பரில் காது கேளாத வழக்கறிஞர் சாரா சன்னி உச்ச நீதிமன்றத்தில் சைகை மொழிபெயர்ப்பாளர் துணையோடு ஆஜரானதை நாடே பார்த்தது. அந்த மாதிரி திரைக்கு முன் உட்காரும் நாள் உங்களுக்கும் வரும்.

வேலை கிடைத்த பிறகு

இங்கேதான் பெரும்பாலோர் நின்றுவிடுகிறார்கள். அமெரிக்காவில் சைகை மொழிபெயர்ப்பாளர்களுக்குச் சான்று தரும் ஆர்.ஐ.டி. அமைப்பு, நான்கு ஆண்டுச் சுற்றுக்கு 80 மணி நேரத் தொடர்பயிற்சி கேட்கிறது. ஆஸ்திரேலியாவில் மொழிபெயர்ப்பாளர்களுக்குச் சான்று தரும் நாட்டி அமைப்பு மூன்று ஆண்டுக்கு 120 புள்ளி கேட்கிறது. நம்மிடமும் மறுவாழ்வு கவுன்சிலில் பதிந்தவர்கள் தொடர்கல்வி நிகழ்ச்சிகளுக்குப் போய்ப் புள்ளி சேர்த்துப் பதிவைப் புதுப்பிக்க வேண்டும். பேச்சு மொழிக்காரர்களான நம்மை மட்டும் கேட்பாரே இல்லை. அதனால் நாமே நமக்கு வாத்தியார் ஆக வேண்டியிருக்கிறது.

ஏன் தேவை என்பதற்கு ஒரு உதாரணம் போதும். 2024 ஜூலை 1 அன்று குற்றவியல் சட்டங்கள் மூன்றும் மாறின. அதுவரை 302 என்றால் கொலை என்று தூக்கத்திலும் சொல்வோம், அன்றிலிருந்து அது 103. ஏமாற்றுக்காரனை "நானூத்தி இருவது" என்று திட்டும் நம் ஊர் வழக்கம் இன்னும் மாறவில்லை, சட்டத்தில் அது 318க்குப் போய்விட்டது. பழைய கேஸ் பழைய எண்ணில் ஓடும், புதிய கேஸ் புதிய எண்ணில் ஓடும். நோட்டைத் திருத்தாதவர் காலையிலும் மாலையிலும் இரண்டு முறை தடுமாறுவார்.

என் வழக்கம் இது. வேலை முடிந்த அன்றே, எனக்குத் தடுக்கிய சொற்களை மட்டும் எழுதிவிடுவேன். ஆள், ஊர், கேஸ் எதுவும் இல்லாமல். மாதம் ஒரு முறை, இதே வேலை செய்யும் இரண்டு பேரோடு உட்கார்ந்து அவற்றைப் பேசுவோம். போஸ்ட்மார்ட்டம் அறிக்கையின் மலையாளம் ஒரு மாதம், நிலப் பத்திரத்தின் மலையாளம் ஒரு மாதம், பிரசவ வார்டுச் சொற்கள் ஒரு மாதம். சைகை செய்பவர்கள் தங்களை வீடியோ எடுத்து, காது கேளாத ஒருவரிடம் காட்ட வேண்டும். காது கேட்கும் ஆட்களான நாம் ஒருவரை ஒருவர் பாராட்டிக்கொள்வதில் பயன் இல்லை. அவர் முகம் சுளித்தால்தான் எங்கே பிழை என்று தெரியும்.

உடம்பையும் பாருங்கள். கூடவே பேசும் வேலையில் 20, 30 நிமிடத்துக்கு ஒரு முறை ஆள் மாற வேண்டும். அதற்கு மேல் போனால் பிழை கூடும், பிழை கூடுவது நமக்கே தெரியாது என்பதுதான் அதில் மோசம். முழு நாள் கூட்டத்துக்குத் தனி ஆளாக வரச் சொன்னால், இன்னொருவருக்கும் சேர்த்துக் கூலி கேளுங்கள். சைகை செய்பவர்களுக்கு மணிக்கட்டும் தோளும் தேயும், வேலைக்கு முன் கையை நீட்டி மடக்கிச் சூடுபடுத்துங்கள்.

மனசு விஷயம் அதைவிடக் கனம். ஒரு குழந்தை தனக்கு நடந்ததைச் சொல்கிறது, நீங்கள் அதை "நான்", "என்னை" என்று உங்கள் வாயால் சொல்கிறீர்கள். கேட்டவர்கள் எல்லாரும் அதைக் கேட்டார்கள், நீங்கள் மட்டும் சொன்னீர்கள். ஒரு முறை அப்படிப் பேசிவிட்டு வந்து இரண்டு நாள் நான் வீட்டில் யாரோடும் பேசவில்லை. ரகசியம் காக்க வேண்டும் என்பதால் யாரிடமும் சொல்லவும் முடியாது. விவரம் இல்லாமல் "இன்னிக்கு கனமான நாள்" என்று மட்டும் சொல்லிக்கொள்ள ஒரு சக மொழிபெயர்ப்பாளர் வேண்டும். தூக்கம் கெட்டால் மனநல ஆலோசகரைப் பார்ப்பதில் வெட்கப்படாதீர்கள். அடுத்த நாளே இன்னொரு அதே மாதிரி கேஸை ஒப்புக்கொள்ளாதீர்கள்.

இந்த வாரமே தொடங்க நினைப்பவர்கள் இரண்டு காரியம் செய்யலாம். மூன்று நிமிடச் செய்திப் பதிவை இன்று ராத்திரி செய்துவிடுங்கள். நோட்டின் முதல் பக்கத்தில் "முறிவு" என்று எழுதி, எதிரே இரண்டு பொருளையும் எழுதுங்கள். என் நோட்டிலும் முதல் பக்கம் அதுதான், சிவப்பு மையில்.